நாற்பத்தோராம் அடிக்குறிப்பு

அந்தச் சிறையை ஒரு கம்பெனி நடத்தியது. உள்ளே தோல் பை தைக்கும் பட்டறை. கைதிகள் பத்து மணி நேரம் உழைத்தாலும் சட்டத்தின் கண்ணுக்கு அவர்கள் தொழிலாளிகள் இல்லையாம். வெட்டு மெஷின் ஒருவனுடைய மூன்று விரலைத் தின்றபோது, அது விபத்தல்ல, அவனுடைய ஒழுங்கீனம் என்று எழுதி முடித்தார்கள். இந்த அநியாயத்தைத்தான் அவள் முனைவர் பட்டத்துக்கு ஆராய்ந்துகொண்டிருந்தாள். சட்டம் படித்தவள், கெட்டிக்காரி. கெட்டிக்காரர்கள் செய்கிற தப்பைத்தான் செய்தாள்.

எழுதியதை அச்சுக்கு முன் கம்பெனிக்குக் காட்ட வேண்டும் என்ற நிபந்தனையோடுதான் உள்ளே விட்டார்கள். காட்டினாள். யார் பெயரும் அதில் இல்லை. 'மெஷினின் பாதுகாப்புத் தகட்டை மேற்பார்வையாளரே கழற்றினார் என்கிறார், அங்கே வேலை செய்யும் இடதுகைப் பழக்கமுள்ள கைதி' என்று நாற்பத்தோராம் அடிக்குறிப்பில் ஒரு வரி, அவ்வளவுதான். பட்டறையில் இடதுகைக்காரன் ஒரே ஒருவன்தான் என்பது அவள் புத்திக்கு எட்டவேயில்லை.

இன்று அவனைச் சந்திப்பு அறைக்கு இழுத்துக்கொண்டு வந்தார்கள். ஒரு கண் வீங்கி மூடியிருந்தது. உதடு கிழிந்திருந்தது. இடது கையில் சுற்றியிருந்த துணி முழுக்க ரத்தம்.

"என்னங்க ஆச்சு?"

"ஸ்டோர் ரூம்ல ரெண்டு பேர் கையப் புடிச்சு மேஜை மேல அமுக்கினாங்க மேடம். மேற்பார்வையாளர் சுத்தியல எடுத்தாரு. காகிதத்தைப் படிச்சுக்கிட்டே ஒவ்வொரு விரலா அடிச்சாரு. நாலாவது விரல்ல எனக்கு நெனவு போயிடுச்சு."

"எந்தக் காகிதம்?" கேட்கும்போதே தெரிந்துவிட்டது.

"நீங்க எழுதினதுதான்."

"வாய மூடுறா!" கதவோரம் நின்ற காவலாளி அவன் முதுகில் தடியை இறக்கினான். முகம் மேஜையில் மோதி மூக்கு உடைந்தது. மறுபடி இறக்கினான்.

"அவர் ஒரு தொழிலாளி!" என்று அவள் கத்தினாள். அந்த நேரத்தில் வாயில் வந்தது அதுதான், படிப்பு அப்படி.

காவலாளிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இங்க அப்படி யாரும் கெடையாதும்மா."

மூன்றாவது அடிக்குக் குறுக்கே அவள் கையை நீட்டினாள். முழங்கையில் எலும்பு முறியும் சத்தம் கேட்டது. அலறினாள். காவலாளியின் முகம் வெளுத்துப்போனது. கைதியை அடித்தால் கேள்வி இல்லை, வெளியாளை அடித்தால் வழக்கு. அதிகாரியைக் கூப்பிட ஓடினான்.

"மன்னிச்சிடுங்க," என்று அழுதாள். "அந்தக் குறிப்பையே எடுத்துடறேன்."

அவன் ரத்தத்தைத் துப்பினான். "எடுத்துட்டா? நாளைக்கு நான் செத்தா, வழுக்கி விழுந்தான்னு எழுதிட்டுப் போயிடுவாங்க. என் பேரப் போடு தங்கச்சி. நம்பரப் போடு. அடிச்சவன் பேரையும் போடு. அப்புறம் தொடட்டும் பாக்கலாம்."

பெயர் போட்டால் பட்டம் கிடைக்காது. பல்கலைக்கழக விதி அப்படி. பெயரை மறைப்பது அவனைக் காப்பாற்றத்தான் என்று நான்கு வருடமாக நம்பியிருந்தாள். அது காப்பாற்றியது யாரை என்று இப்போதுதான் புரிந்தது.

வராந்தாவில் பூட்ஸ் சத்தம் நெருங்கியது. அடிபட்ட கையை மடியில் போட்டுக்கொண்டு பேனாவை எடுத்தாள். பதினோரு முறை அவனைச் சந்தித்திருக்கிறாள். ஒருமுறைகூடப் பெயரைக் கேட்டதில்லை.

"உங்க பேரு என்னண்ணே?" என்றாள்.