சாம்பலும் வண்டலும்

கரட்டானும் ஏரியாத்தாவும் அடித்துக்கொள்வது அந்தப் பக்கத்துக்குப் புதிதல்ல. மாரண்டஹள்ளிக்கு மேற்கே கரடு என்கிற மொட்டைப் பாறைக்குன்று நிற்கிறது. அதற்குள் இருப்பவன் கரட்டான். எதிரே பெரிய ஏரி; அதற்குள் இருப்பவள் ஏரியாத்தா. நடுவில் எல்லைக்கல் நட்ட பிறகு இரண்டு பேரும் முறைத்துக்கொண்டே காலம் தள்ளினார்கள். போன மாதம் ரோட்டை அகலப்படுத்த வந்த யாரோ ஒரு புண்ணியவான் ஜேசிபியை விட்டு அந்தக் கல்லைப் பிடுங்கி ஓரமாகப் போட்டுவிட்டான். பிடித்தது சனி.

பெரியவர்கள் சண்டை, நமக்கென்ன என்று இருந்துவிட முடியாது. அங்கே பிறக்கிற ஒவ்வொரு குழந்தையும் இரண்டு பேரில் ஒருவருக்குச் சொந்தம். கரட்டுப் பக்கத்துப் பிள்ளை என்றால் பிடரியில் கரட்டுச் சாம்பல் வைப்பார்கள். ஏரிப் பக்கத்துப் பிள்ளை என்றால் உள்ளங்காலில் ஏரி வண்டல். அதன் பிறகு அந்தப் பிள்ளையைப் பாம்பு தீண்டாது, இடி தொடாது. பதிலுக்கு, சண்டையில் களைத்துப்போனால் அவரவர் தம்முடைய ஆட்களிடமிருந்து கொஞ்சம் மூச்சை இரவல் வாங்கிக்கொள்வார்கள். முடிந்ததும் திருப்பித் தந்துவிடுவார்கள். அதுவரை பாயில் கிடக்க வேண்டியதுதான். ஒருவர் இழுத்தால் உடம்பு தாங்கும்.

மாதம்மாள் ஏரிப் பக்கத்தில் பிறந்து, கரட்டுப் பக்கத்துச் சென்னப்பனைக் கட்டிக்கொண்டவள். தலைப்பிரசவம் தாய் வீட்டில் நடந்தது. மகள் கவிப்பிரியா பிறந்த ஏழாம் நாள், மாதம்மாளின் அம்மா யாரையும் ஒரு வார்த்தை கேட்காமல் குழந்தையின் உள்ளங்காலில் வண்டலைத் தடவிவிட்டாள். மூன்றாம் மாதம் குழந்தையோடு புருஷன் வீட்டுக்கு வந்தால், மாமியார் சாம்பல் தட்டோடு வாசலிலேயே நிற்கிறாள்.

"அங்க ஏதாச்சும் வச்சுட்டாங்களா?"

"இல்லீங்கத்த."

மாமியார் குழந்தையின் பிடரியில் சாம்பலை வைத்துவிட்டாள். வந்ததும் வராததுமாக எதற்கு வம்பு என்று மாதம்மாள் சொன்ன பொய். அம்மாவைப் பற்றி நாலு பேர் முன்னால் மாமியார் பேசுவதைக் கேட்க அவளுக்குத் தெம்பில்லை. பத்தொன்பது வருஷமாகச் சண்டையும் வரவில்லை. பொய் சொன்னதே அவளுக்கு மறந்துபோயிருந்தது.

புதன்கிழமை காலை பத்து மணிக்கு ஞாபகம் வந்தது.

தக்காளி பறித்து நிரப்பிய பிளாஸ்டிக் கிரேடுகளைச் சென்னப்பன் வாசலில் அடுக்கிக்கொண்டிருந்தான். தர்மபுரியில் நர்சிங் படிக்கும் கவிப்பிரியா லீவுக்கு வந்திருந்தாள். தலைக்குக் குளித்துவிட்டுக் கூந்தலை உலர்த்தியபடி போன் பார்த்துக்கொண்டிருந்தாள். கரட்டிலிருந்து வீடு உயரப் பாறை ஒன்று செக்கச் சிவந்து மேலே எழும்பியது. ஏரி முழுசாக எழுந்து நின்று அதை விழுங்கியது. வெந்நீர் மழையாகப் பெய்தது. கரட்டான் அடுத்த பாறையை எடுத்தான்.

சென்னப்பன் கிரேடுகளுக்கு நடுவிலேயே சரிந்தான். மாதம்மாள் சுவரோரம் விழுந்தாள். அவள் கண் முன்னால் மகள் கையிலிருந்து போன் நழுவியது.

தெருவில் நின்றது பக்கத்து வீட்டு அமீனா மட்டும்தான். தர்மபுரி டவுனில் பிறந்து வாழ வந்தவள், தையல் மெஷின் வைத்திருக்கிறாள். சாம்பலும் இல்லை, வண்டலும் இல்லை. அதனால் அவளை யாரும் இழுக்கவில்லை. ஈரத்துணியோடு வீடு வீடாக ஓடிக்கொண்டிருந்தவள் கவிப்பிரியாவைத் தொட்டதும் திடுக்கிட்டாள்.

"அக்கா, என்னக்கா இது? பாப்பா கழுத்து நெருப்பா கொதிக்குது. காலு ஐஸாட்டம் கெடக்குது. மத்தவங்க யாருக்கும் இப்படி இல்லியே?"

மாதம்மாளுக்குக் காரணம் தெரியும். வாய்தான் திறக்கவில்லை. திறந்தாலும் அமீனாவால் என்ன செய்ய முடியும்? ஒரு முழ தூரத்தில் மகள் கிடந்தாள். கையை நீட்டினால் தொட்டுவிடலாம். கை வரவில்லை. யாராவது ஒருத்தர் தோற்றுத் தொலையுங்களேன், என் பிறந்த வீட்டு ஆத்தாவே தோற்றாலும் சரி என்று மனசுக்குள் கதறினாள். யாரும் தோற்கவில்லை. கவிப்பிரியாவின் மார்பு ஏறி இறங்குவது குறைந்துகொண்டே வந்தது. தாயால் அதைப் பார்க்கத்தான் முடிந்தது.

மதியம் இரண்டு மணிக்கு எல்லாம் அடங்கியது. இரண்டு பேரும் ராசியாகிவிட்டார்களாம். கல் தானாக நகர்ந்து போய்ப் பழைய இடத்தில் நின்றது. மாதம்மாளின் நெஞ்சுக்குள் மூச்சு குபுக்கென்று திரும்பி வந்தது. சென்னப்பன் எழுந்து வேட்டியைத் தட்டினான். தெருவே எழுந்தது. ஒருவன் சரவெடி கொளுத்தினான்.

கவிப்பிரியா எழவில்லை. மூச்சு இழை போல ஓடிக்கொண்டிருந்தது, அவ்வளவுதான்.

"நம்ம ஆளுதான. நான் போய்க் கேட்டுட்டு வர்றேன்" என்று சென்னப்பன் கரட்டுக்கு ஓடினான். மகளை அமீனாவிடம் விட்டுவிட்டு மாதம்மாள் ஏரிக்கு ஓடினாள். சேற்றில் முழங்காலிட்டு, "ஆத்தா, எம்புள்ள உன்னோட வண்டல மிதிச்ச புள்ள. வாங்குனதக் குடு" என்றாள்.

தண்ணீருக்குள்ளிருந்து ஏரியாத்தாவின் குரல் வந்தது. கோபமே இல்லாத குரல்.

"அவ பிடரியில சாம்பல் இருக்குது. அவன் ஆளுக்கு அவந்தான் குடுக்கணும். அவன் பங்க நான் தொட்டா ராசி முறிஞ்சிரும், கண்ணு."

"அப்ப எடுக்கறப்ப மட்டும் தொட்டியே!"

"அது சண்டை."

அவள் வீட்டுக்கு வந்தபோது சென்னப்பன் முன்னமே வந்திருந்தான். மகளின் காலடியில் உட்கார்ந்து, அவளுடைய உள்ளங்காலைத் தன் உள்ளங்கையில் ஏந்தி வைத்திருந்தான்.

"வண்டல் வச்ச புள்ளய நான் எப்படித் தொடுவேன்னு கேக்குறான். எங்கம்மா கேட்டப்ப இல்லேன்னு சொன்னியே, மாதம்மா?"

அவன் அடிக்கவில்லை, திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது அவளுக்கு.

சாயங்காலம் அமீனாவும் ஒரு பக்கம் பிடிக்க, மகளைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு போய் எல்லைக்கல் பக்கத்தில் வைத்தார்கள். இந்தப் பக்கம் கரடு, அந்தப் பக்கம் ஏரி. நல்ல பிள்ளைகளாக இரண்டும் அமைதியாக இருந்தன. ரோட்டில் ஓசூர் பஸ் ஒலி எழுப்பிக்கொண்டு போனது. ஊருக்குள் சமாதானத்துக்குப் பொங்கல் வைக்கிற புகை தெரிந்தது.

மாதம்மாள் கல்லில் நெற்றியை வைத்தாள். காலையில் சண்டை நிற்கட்டும் என்று மனசுக்குள் கதறியவள், இப்போது வாய்விட்டுக் கெஞ்சினாள்.

"ராசி முறிஞ்சாத்தான எம்புள்ளயத் தொடுவீங்க. இன்னொருக்கா அடிச்சுக்குங்க சாமி. ஒரே ஒருக்கா."