மாலைக்கு ஒரு போட்டோ

"பின்னாடி வெள்ளையா இருந்தா நல்லது மேடம். லைட்டா சிரிச்ச மாதிரி, கழுத்து வரைக்கும் இருந்தாப் போதும்" என்று போனில் சொன்னார் சீரியலின் மேனேஜர் கமலக்கண்ணன். ஜாஸ்லின் போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு அரிசி களைந்துகொண்டிருந்தாள். எதற்கு என்று அவள் கேட்கவில்லை. பல சீரியல்களில் பதினோரு வருஷம் குப்பை கொட்டியவளுக்குக் கழுத்தளவு போட்டோவை எதற்குக் கேட்பார்கள் என்று தெரியாதா என்ன?

"நான் எப்ப செத்தேன் சார்?"

அவர் கொஞ்சம் இருமினார். "நேத்து எபிசோட்ல கோயிலுக்குப் போனீங்கல்ல, திரும்பி வர்றப்ப ஆக்சிடென்ட். அதைக் காட்டப்போறதில்ல. வீட்டுக்கு போன் வர்ற மாதிரி வெச்சுட்டோம். நீங்க அலையவே வேணாம்."

எவ்வளவு கரிசனம் பாருங்கள். மூன்று வருஷமாக அந்தக் கன்னட சீரியலில் கதாநாயகனின் அண்ணியாக அவள் செய்த வேலை, சோபாவுக்குப் பின்னால் நின்று திடுக்கிடுவது. இடி இடிக்கும், கேமரா ஒவ்வொரு முகமாகப் போகும், நான்காவது முகம் இவளுடையது. ஓசூர்க்காரியின் கன்னடத்தில் தமிழ் வாடை அடிக்கிறது என்று குரலைக்கூட வேறொருத்தியிடம் கொடுத்துவிட்டார்கள். இருந்தாலும் மார்க்கெட்டில் கன்னடக்காரப் பெண்கள் அவளை 'அத்திகே' என்று கூப்பிட்டு, அண்ணியிடம் நியாயம் கேட்பதுபோல் சீரியல் நியாயம் கேட்பார்கள். மற்றவர்களுக்கு அவள் இன்னமும் மிஸ் ஓசூர்தான். பத்தொன்பது வயதில், சிப்காட்டில் ஸ்விட்ச் செய்கிற கம்பெனியில் ஷிஃப்ட் முடித்துவிட்டு, இரவல் செருப்பில் காலெல்லாம் கொப்புளம் போட அழகிப் போட்டி மேடையில் நடந்து வாங்கிய கிரீடம் அது. திங்கட்கிழமை லைனில் போய் நின்றபோது சூப்பர்வைசர், "ராணியம்மாவுக்குச் சேர் போடுங்கப்பா" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். அவள் நிஜமாகவே ஒரு சேரை இழுத்துப் போட்டு, அன்றைய ஷிஃப்ட் முழுக்க உட்கார்ந்தே வேலை பார்த்தாள். அந்த வாரமே வேலை போயிற்று. அதற்காக அவள் ஒருநாளும் வருத்தப்பட்டதில்லை.

பூண்டு உரித்துக்கொண்டிருந்த அம்மா பவுலினா தலை நிமிராமல் கேட்டாள். "என்னாத்துக்குடி போட்டோ?"

"சும்மாதாம்மா."

"எனக்குத் தெரியாதாக்கும். உங்கப்பாவுக்குப் போட்ட மாலையே அப்பிடியேதான் தொங்குது" என்றாள் பவுலினா. அப்பா ஜேம்ஸ் போய்ச் சேர்ந்து நாற்பது நாள்தான் ஆகியிருந்தது. தினமும் ஏழு மணிக்கு டிவி முன்னால் உட்கார்ந்து, மகளின் திடுக்கிடலுக்காகக் காத்திருக்கிறவள் பவுலினா. நாளைக்கு அதே பெட்டியில் மகள் மாலையோடு வந்தால் இந்த மனுஷி என்ன ஆவாள் என்று நினைத்ததும் ஜாஸ்லின் அரிசியை அடுப்பில் போட்டுவிட்டு போனை எடுத்தாள். போட்டோ தரமாட்டேன் என்று கமலக்கண்ணனுக்கு மெசேஜ் போட்டாள். ஐந்து நிமிஷத்தில் பதில் வந்தது. 'பரவால்ல மேடம், உங்க பேஸ்புக்ல ஒண்ணு கெடச்சுது.'

சோறு வேகும் வரை அவள் காத்திருக்கவில்லை. கர்நாடக எல்லையில் அத்திப்பள்ளி தாண்டுகிற முதல் பஸ்ஸில் ஏறினாள்.

சந்தாபுரத்தில் நெடுஞ்சாலையை ஒட்டிய பங்களாதான் ஷூட்டிங் வீடு. அவள் செத்த விஷயத்தைக் காவலாளிக்கு யாரும் சொல்லவில்லை போலும், வழக்கம்போல கும்பிட்டு உள்ளே விட்டார். மேக்கப் அறையில் அத்திகேயின் பச்சைப் பட்டுப்புடவை ஹேங்கரில் தொங்கியது. யாரையும் கேட்காமல் அதைக் கட்டிக்கொண்டு ஹாலுக்கு வந்தாள். நடுவில் அவளே இருந்தாள், பத்தொன்பது வயதில், சட்டத்துக்குள். கிரீடத்தை அழித்திருந்ததில் நெற்றிக்கு மேல் ஒரு கை அகலத்துக்கு முடியையும் காணோம். சந்தன மாலையை நெஞ்சுக்குக் குறுக்கே ஒரு பக்கமாக இழுத்துக் கட்டியிருந்தார்கள். அவள் மாலையைக் கழற்றியபோதுதான் காரணம் புரிந்தது. கீழே அழகிப் போட்டிப் பட்டையில் 'மிஸ் ஓசூர்' என்று கொட்டை எழுத்தில் இருந்தது. மாலையை நாற்காலியில் வைத்துவிட்டு, போட்டோவை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள்.

டைரக்டர் திம்மப்பன் ஓசூர் பக்கத்துப் பேரிகை ஊர்க்காரர், அவளிடம் தமிழில்தான் பேசுவார். "எம்மா, நாளைக்கு ஏழு மணிக்கு இது டிவில போவணும். அழறதுக்கு ஆறு பேரு கிளிசரின் போட்டுக்கிட்டு ஒக்காந்திருக்காங்க."

"அழட்டும் சார், வேணாங்கல. நான் வீட்ட வுட்டுப் போறேன். அதுக்கு அழட்டும்."

"சேனல் ஒத்துக்கிட்டது சாவுக்கும்மா."

"அத்திகே ரோஷக்காரி சார். மூணு வருஷமா சோபாவுக்குப் பின்னாடி நின்னவ. ஒரு நாளைக்குக் கெளம்பிப் போயிட்டான்னா யாரும் நம்பமாட்டாங்களா?"

மாமியாராக நடிக்கும் சென்னம்மா மூக்கைத் துடைத்துக்கொண்டார். இருபது வருஷமாக மாமியார் வேஷம் மட்டுமே கட்டுகிறவர். "நம்புவாங்க திம்மப்பா. எனக்கே போயிரலாம்னுதான் இருக்கு" என்றார். லைட் பிடித்திருந்த பையன்கள் சிரித்துவிட்டார்கள்.

திம்மப்பன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், அழ உட்கார்ந்திருந்த ஆறு பேரையும் பார்த்தார். "ஒரே ஷாட்டு. டயலாக் கெடையாது. கேட்டு வரைக்கும் நடந்து போ, அங்க கட் பண்ணிக்கறேன். சேனல்காரன் ஒத்துக்கலன்னா மறுபடியும் போட்டோதான், இப்பவே சொல்லிட்டேன்."

"டயலாக் வேணாம் சார். அதை எப்பவுமே வேற யாரோதானே பேசறாங்க."

"அந்தப் போட்டோவ வெச்சுட்டுப் போம்மா."

"வீட்ட வுட்டுப் போறவ தன் போட்டோவ எடுத்துக்கிட்டுத்தான் போவா" என்றாள் ஜாஸ்லின்.

ஆக்ஷன் என்றார்கள். மூன்று வருஷத்தில் முதல்முறையாக சோபாவைச் சுற்றிக்கொண்டு முன்னால் வந்தாள். ஹாலின் நடுவே அவளுக்காக வழி காலியாக இருந்தது. அவள் அவசரப்படவில்லை. நிலைப்படி தாண்டி, துளசி மாடம் தாண்டி, கேட்டுக்குப் போனாள். பின்னால் "கட்" என்ற சத்தம் தெளிவாகவே கேட்டது. காவலாளி கேட்டைத் திறந்தார். அவள் வெளியே போனாள்.

"மேடம், புடவ கம்பெனியோடது" என்று காஸ்ட்யூமர் கத்திக்கொண்டு கேட் வரை ஓடிவந்தான். கேமராமேன் மட்டும் எதையும் அணைக்கவில்லை. அவருடைய கேமராக் கட்டத்துக்குள் பச்சைப் புடவை சின்னதாகிக்கொண்டே போயிற்று. நடுவில் இரண்டு கன்டெய்னர் லாரிகள் மறைத்துவிட்டுப் போயின. மறுபடி தெரிந்தபோது அவள் நெடுஞ்சாலையைத் தாண்டி, ஓசூர் போகிற பக்கம் நின்றுகொண்டு, வருகிற பஸ்ஸுக்குக் கையை நீட்டிக்கொண்டிருந்தாள்.