பத்து மணிக்குச் சொல்லும் கதை

தினமும் காலை பத்து மணிக்கு என் அக்காவைச் சாகடிப்பேன். அதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

கொள்ளுத்தாத்தா மரவியாபாரத்தில் சம்பாதித்துக் கட்டிய வீடு இது. அப்பாவின் கடைசிக் காலத்தில் கைமாறி, இப்போது ஒன்பது அறைகள் கொண்ட ஹோட்டல். தங்க வருகிறவர்களைச் சுற்றிக்காட்டி வீட்டின் வரலாற்றைச் சொல்ல ஆள் வேண்டும் என்றார் முதலாளி. நான் போய் நின்றேன். என் மனைவி தலையில் அடித்துக்கொண்டாள். "பொறந்த வீட்டுலயே கூலிக்கு நிக்கிறீங்களே, வெட்கமா இல்ல?" வெட்கமெல்லாம் இருந்தது. ஆனால் அக்கா என்றைக்காவது திரும்பி வந்தால் வாசலில் தெரிந்த முகம் ஒன்றாவது இருக்க வேண்டாமா? அதை மனைவியிடம் சொல்லவில்லை. சொன்னால் இன்னொரு தடவை அடித்துக்கொள்வாள்.

அக்கா சாகவில்லை. எனக்குப் பதினொரு வயதாக இருந்தபோது, சுவர்க்கடிகாரம் பழுதுபார்க்க வந்தவரோடு போய்விட்டாள். அப்பாவுக்கு மானம்தான் பெரிது. வீட்டுக்குப் பின்னால் ஓடும் ஆற்றில் தவறி விழுந்துவிட்டாள் என்று ஊரெல்லாம் சொன்னார். செய்தித்தாளில் இரங்கல் விளம்பரமும் கொடுத்தார். "வாயைத் திறந்தே, தோலை உரிச்சிடுவேன்" என்றார் என்னிடம். நாற்பத்தாறு வருடமாக நான் திறக்கவில்லை.

முதலாளி அந்த விளம்பரத்தை எங்கிருந்தோ தேடிப்பிடித்து, சட்டம் போட்டுக் கூடத்தில் மாட்டினார். ஆற்றோடு போன பெண்ணின் கதை வருகிறவர்களுக்கு ரொம்பப் பிடித்துப்போனது. "ஒரே பொண்ணுன்னு சொல்லுங்க சார், அப்பதான் மனசைத் தொடும்" என்று என்னையும் கதையிலிருந்து கழற்றிவிட்டார். பூம்பூம் மாடு மாதிரி அதற்கும் தலையாட்டினேன்.

போன புதன்கிழமை பன்னிரண்டு பேர். கூடத்திலிருந்து சாப்பாட்டு அறைக்குப் போகும் இடத்தில் அரைப்படி ஒன்று இறங்கும். எவ்வளவு எச்சரித்தாலும் அங்கே தடுமாறாதவர் கிடையாது. கடைசியாக வந்த நரைத்த தலை அம்மாள் சுவர்களைப் பார்த்தபடியே வந்தார். கீழே குனியவே இல்லை. கால் தானாக இறங்கியது.

நிமிர்ந்து பார்த்தேன். என் அம்மாவின் நெற்றி. அக்காதான்.

அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும். முதலாளி கைகட்டிப் பின்னால் நின்றார். வாய் அதுபாட்டுக்கு ஓடியது. பின்வாசல் வந்தது. "இங்கதான் அந்தப் பொண்ணு விழுந்தா. பதினெட்டு வயசு. உடம்புகூடக் கிடைக்கல."

அக்கா ஆற்றைப் பார்த்தாள். "செத்துட்டான்னு யார் சொன்னது?"

"அவங்க அப்பாங்க."

"ஒரு தம்பி இருந்தானே?"

"இல்லைங்க. ஒரே பொண்ணு."

குரல் உடைந்தது. சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னேன் என்பதே எனக்கு உறைத்தது. அக்கா என் முகத்தைப் பார்த்தாள். பிறகு திரும்பி உள்ளே போய்விட்டாள்.

ஆளாளுக்குப் போட்டோ எடுக்கச் சொன்னார்கள். அவர்களிடமிருந்து பிய்த்துக்கொண்டு நான் முன்வாசலுக்கு ஓடியபோது அவள் பெட்டியோடு காரில் ஏறியிருந்தாள்.

"அக்கா, நான்தான்க்கா" என்றேன், கதவைப் பிடித்துக்கொண்டு.

"தெரியும். பார்த்ததுமே தெரிஞ்சுது. அதான் கேட்டேன். நீ இல்லைன்னுட்ட."

"பழக்கத்துல வந்துடுச்சுக்கா."

"அப்பா ஒரு தடவைதான் சொன்னார். நீ தினமும் சொல்றியாமே."

கோபமாகக்கூடச் சொல்லவில்லை. கோபப்பட்டிருந்தால் காலில் விழுந்திருப்பேன். என் விரல்களைக் கதவிலிருந்து மெதுவாக எடுத்துவிட்டாள். கார் போனது. எந்த ஊர், எத்தனை பிள்ளைகள், கடிகாரக்காரர் இருக்கிறாரா, ஒன்றும் கேட்கவில்லை நான்.

முதலாளி வந்து தோளில் தட்டினார். "கடைசியில குரல் உடைஞ்சுது பாருங்க, ரெண்டு பேர் அழுதுட்டாங்க. இனிமே தினமும் அப்படியே சொல்லுங்க சார்."

மறுநாள் எட்டுப் பேர். அப்படியே சொன்னேன். குரல் தானாகவே உடைந்தது. வாசலைத் திரும்பிப் பார்க்கும் வேலை மட்டும் இப்போது எனக்கு இல்லை.