ஒரு அருள் நிறைந்த மரியே நேரம்

றீற்றாவின் சமையலறையில் நிமிடமும் செக்கனும் செல்லாது. முட்டை அவிய முப்பது 'அருள் நிறைந்த மரியே' செபம். தேயிலையில் சாயம் இறங்கப் பன்னிரண்டு. பருப்பு என்றால் ஒரு முழுச் செபமாலை, அதுவும் அவசரப்படாமல். கணவன் கிறகோரி ஒரு நத்தார்ப் பண்டிகைக்கு மணியடிக்கிற சாமான் ஒன்றை, முட்டை வடிவத்தில், வாங்கிக் கொடுத்தான். அவள் அதை மாதா சுரூபத்துக்குப் பக்கத்தில் வைத்து வாரம் ஒருமுறை தூசி தட்டுகிறாள். அது இன்றுவரை மணியடித்ததில்லை. அவளுடைய முட்டையும் இன்றுவரை பதம் தவறியதில்லை.

இதைப் பெரிய பக்தி என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஐம்பத்து மூன்று வயதில் அவளுக்கிருந்த பக்தி, விடியற்காலையில் வேலைக்குப் போகிற எல்லாருக்கும் இருக்கிற அளவுதான். செபக் கணக்கு கைக்கு வசதியாக இருந்தது, ஈரம் பட்டாலும் பழுதாகாது, அவ்வளவே. ஒரேயொரு சட்டம் உண்டு. தொடங்கினால் ஆமென் வரைக்கும் போக வேண்டும். மாதாவோடு கதைத்துக்கொண்டிருக்கும்போது பாதியில் எழும்பிப் போவது மரியாதையில்லை. இந்தச் சட்டந்தான் 2017 மே மாதத்துச் சனிக்கிழமையொன்றில், சுவிற்சர்லாந்தின் டீட்டிகோனில் முப்பத்து நான்கு வீட்டுக்காரரின் கார்களைக் கராஜுக்கு வெளியே நிறுத்தப் பார்த்தது.

அந்த முப்பத்து நான்கு வீட்டுக் கட்டடத்துக்கு றீற்றா பெப்ரவரியிலிருந்து ஹவுஸ்வார்ட். படி துடைப்பது, பல்ப் மாற்றுவது, உடுப்புத் தோய்க்கிற அறைத் திறப்புக்குச் சண்டை வராமல் பார்ப்பது, எல்லாம் அவள் பொறுப்பு. அதற்கு முன் பதினாறு வருடம் காலை நாலு மணிக்கு எழும்பி, மூன்று கந்தோர்களைத் துடைத்துவிட்டு, மற்றவர்கள் வேலைக்கு வரும் நேரத்தில் வீட்டுக்குத் திரும்பியவள். இப்போது ஆறரைக்கு எழும்புகிறாள். ஆறரை! அந்த இரண்டரை மணித்தியால நித்திரைக்காக அவள் யாருடைய காலில் வேண்டுமானாலும் விழுவாள். ஆனால் நிர்வாகக் கம்பனி மூன்று மாதம் பார்த்துவிட்டுத்தான் வேலையை நிரந்தரமாக்குவோம் என்றிருந்தது. மூன்று மாதம் திங்கட்கிழமை முடிகிறது.

அதற்குக் குறுக்கே நின்றவர் திருவாளர் சொலிங்கர், ஜேர்மனில் ஹெர் சொலிங்கர். மூன்றாம் மாடி, எழுபத்தெட்டு வயது, தனி ஆள். படியில் சப்பாத்து கிடந்தால் நிர்வாகத்துக்குக் கடிதம். ஞாயிற்றுக்கிழமை யாராவது போத்தலைப் போத்தல் பெட்டிக்குள் போட்டால், சத்தம் என்று கடிதம். றீற்றாவுக்கு முன்னிருந்த ஹவுஸ்வார்ட்டுகள் மூன்று பேரை அவர் கடிதம் எழுதியே அனுப்பினார் என்று கட்டடத்தில் ஒரு கதை. அவர் படியில் இறங்கி வருவதைக் கண்டாலே றீற்றாவின் வாயில், "இயேசு மரி சூசையே!" என்று தன்பாட்டில் வந்துவிடும். அதன் பிறகுதான் வணக்கம் சொல்லுவாள்.

வினை ஆரா நகரத்திலிருந்து வந்தது. கிறகோரி அங்கே தயாபரன் என்ற ஒரு சிநேகிதனிடம் பழைய கார் வாங்கினான். அதில் பின்னால் பார்க்கிற உட்கண்ணாடிக்குக் கீழே சின்னதாக மூன்று பொத்தான்கள். தயாபரன் ஒன்பது வருடம் அவற்றைத் தொட்டதேயில்லை. கிறகோரி அப்படிப்பட்ட ஆளில்லை. ஒரு பொத்தான் சும்மா இருந்தால் அவனுக்குச் சோறு இறங்காது. இன்ரநெற்றில் தேடி, அது கராஜ் கதவு திறக்கிற பொத்தான் என்று கண்டுபிடித்தான். கையிலிருக்கிற றிமோட்டைக் கண்ணாடிக்குக் கிட்டப் பிடித்து இரண்டையும் சேர்த்து அமத்தினால் கண்ணாடி பாடத்தைப் படித்துவிடும். பிறகு கதவின் மோட்டருக்கும் காரை அறிமுகப்படுத்த வேண்டும். மோட்டரின் பெட்டி கராஜ் முகட்டில், பூட்டோடு. திறப்பு ஹவுஸ்வார்ட்டிடம். அந்த அளவுக்கு அவனுக்கு அதிர்ஷ்டம்.

"றிமோட் இருக்குத்தானே. அதை அமத்தினாக் கதவு திறக்குது. பிறகென்ன?" என்றாள் றீற்றா.

"றிமோட்டைத் தேடி எடுக்கோணும். இது கண்ணாடியிலேயே இருக்கு."

"றிமோட்டும் உங்கட பொக்கற்றிலதானே இருக்கு."

"உனக்குச் சொன்னா விளங்காது. அஞ்சு நிமிச வேலை, வா."

மத்தியானம் மூன்று மணிக்கு அவள் ஏணியில் ஏறினாள். கிறகோரி காருக்குள் இருந்து ரெலிபோனில் செய்முறையை வாசித்தான். கண்ணாடி தன் பாடத்தைச் சமர்த்தாகப் படித்து முடித்திருந்தது.

"பெட்டிக்குள்ள ஒரு மஞ்சள் பொத்தான் இருக்கோ?"

"ஓம்."

"அதை மூண்டு செக்கன் அமத்து. லைற் மினுங்கும். மினுங்கின உடன கையை எடு. நான் இஞ்ச அமத்துறன்."

றீற்றா விரலை வைத்தாள். மூன்று செக்கன் என்றால் எவ்வளவு? அவளிடமிருந்த ஆகச் சிறிய அளவு ஒரு அருள் நிறைந்த மரியே. அதைத் தொடங்கினாள். லைற் மினுங்கியது. அவள் அதைக் கண்டாள். கண்டவள் அப்போது செபத்தின் நடுவில் நின்றாள். கிறகோரி கீழே இருந்து, "காணும், விடு, விடு!" என்று கத்தினான். கணவன் கத்துகிறான் என்று மாதாவை நடுவழியில் விட முடியுமா? ஆமென் வரைக்கும் போய்த்தான் விரலை எடுத்தாள். லைற் ஒருதரம் நீளமாக எரிந்து அணைந்தது.

கிறகோரி கண்ணாடிப் பொத்தானை அமத்தினான். கதவு அசையவில்லை. றிமோட்டை எடுத்து அமத்தினான். அதற்கும் அசையவில்லை.

"பற்றறி போச்சுதுபோல," என்றான்.

அதே நேரம் கதவுக்கு வெளியே ஒரு கார் வந்து நின்றது. ஹோர்ன் அடிக்கவில்லை. இந்த ஊர்க்காரர் ஹோர்ன் அடிக்க மாட்டார்கள். காத்திருப்பார்கள், பிறகு கடிதம் எழுதுவார்கள். றீற்றா ஏணியிலிருந்து குதிக்காத குறையாக இறங்கி, சுவரிலிருந்த சுவிச்சைத் தட்டிக் கதவைத் திறந்தாள். நாலாம் மாடிப் பெண், தன் றிமோட்டைத் தட்டித் தட்டிப் பார்த்தபடி உள்ளே வந்தாள்.

கிறகோரி ரெலிபோனை மேலே தள்ளி வாசித்தான். அவன் முகம் கறுத்தது. "பத்துச் செக்கனுக்கு மேல அமத்தினா எல்லா றிமோட்டும் அழிஞ்சுபோம் எண்டு போட்டிருக்கு."

"எங்க போட்டிருக்கு?"

"அடுத்த பக்கத்தில."

"இயேசு மரி சூசையே!" என்று றீற்றா ஏணியின் அடிப்படியிலேயே இருந்துவிட்டாள். அவளுக்கு நாலு மணி அலாரம் காதில் கேட்டது. "என்ர வேலை போச்சுது. அஞ்சு நிமிசம் எண்டியள். பதினாறு வருசம் துடைச்சனான், மனுசா! அஞ்சு நிமிசத்தில கொண்டுபோய்க் குப்பையில போட்டாச்சு."

"இடி விழுந்தது எண்டு சொல்லுவம்."

வெளியே வானம் துடைத்து வைத்ததுபோல் நீலமாக இருந்தது. றீற்றா மகளைக் கூப்பிட்டாள்.

மகள் அனோஜா இந்த நாட்டில் பிறந்து, சூரிச்சில் ஒரு காப்புறுதிக் கந்தோரில் வேலை செய்கிறவள். நடந்ததைக் கேட்டுவிட்டு, சிரிக்கவுமில்லை, ஏசவுமில்லை. மேலே போய்ப் பத்து நிமிடத்தில் ஒரு கடதாசியோடு வந்தாள். இன்று பதினேழு மணி தொடக்கம் பதினெட்டு மணி வரை கராஜ் றிமோட்டுகள் புதிதாகப் பதியப்படும், எல்லாரும் தங்கள் றிமோட்டோடு கீழே வரவும், ஹவுஸ்வார்ட், கையெழுத்து.

"பொய் எழுதாத பிள்ளை," என்றாள் றீற்றா.

"இதில ஒரு பொய்யும் இல்லையம்மா. காரணம் எழுதேல்லை, அவ்வளவுதான். கடதாசியில நாளும் நேரமும் கையெழுத்தும் இருந்தாக் காணும். இவையள் ஏனெண்டு கேக்கமாட்டினம்."

அவள் சொன்னது அச்சொட்டாக நடந்தது. ஐந்துக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போதே வரிசை. யாரும் சொல்லாமலே வீட்டு இலக்க ஒழுங்கில் நின்றார்கள். அனோஜா ஏணியில் நின்று ரெலிபோனில் செக்கன் பார்த்து அமத்த, றீற்றா பட்டியலில் சரி போட்டாள். வெளியே போயிருந்தவர்களின் றிமோட்டைக்கூட அயலவர் கொண்டுவந்தார்கள். ஏன், எதற்கு என்று ஒரு மூச்சு இல்லை. இரண்டாம் மாடிக்காரர், இதை எப்போதோ செய்திருக்க வேண்டும் என்று கைகொடுத்துவிட்டுப் போனார். கிறகோரிக்குத் துணிவு வந்துவிட்டது. "இவ்வளவு செய்யிறம், அந்தக் கண்ணாடியையும் ஒருக்கா..." என்று தொடங்கினான்.

"அந்தக் காரை என்ர கண்ணில காட்டாதேங்கோ," என்றாள் றீற்றா.

ஐந்து ஐம்பத்தெட்டுக்கு ஹெர் சொலிங்கர் வந்தார். மற்ற முப்பத்து மூன்று பேரும் முடிந்திருந்தார்கள். அவளுடைய வாய் வழக்கம்போல் முணுமுணுத்தது. அவர் றிமோட்டை நீட்டினார். அனோஜா பதிந்து கொடுத்தாள். அவர் போகவில்லை. சட்டைப் பையிலிருந்து குறிப்புப் புத்தகத்தை எடுத்தார்.

"ஏன்?" என்று கேட்டார்.

முப்பத்து நான்கு பேரில் அதைக் கேட்டவர் அவர் ஒருவர்தான். அனோஜா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். றீற்றா முந்திக்கொண்டாள். அவளுடைய ஜேர்மன் வாளியோடும் தும்புத்தடியோடும் படித்த ஜேர்மன். உண்மை சொல்ல அது போதும். பொய் சொல்வதற்கு இன்னும் கொஞ்சம் இலக்கணம் வேண்டும்.

"மூண்டு செக்கன் அமத்த வேண்டியதை நான் பிழையாக அமத்திப்போட்டன். எல்லாம் அழிஞ்சுபோச்சு. எங்கட காருக்காக அமத்தினது."

"எவ்வளவு நேரம் அமத்தினீர்கள்?"

"ஒரு அருள் நிறைந்த மரியே," என்றாள் றீற்றா. வேறு அளவு அவளிடம் இருக்கவில்லை.

கிறகோரி தலையில் கை வைத்தான். ஹெர் சொலிங்கர் கையைத் திருப்பி மணிக்கூட்டைப் பார்த்தார். "சொல்லுங்கள்."

"இப்பவோ?"

"இப்போது. அதே வேகத்தில்."

கராஜின் நடுவில் நின்று றீற்றா ஒரு அருள் நிறைந்த மரியே சொன்னாள். வேகம் மாறவில்லை.

"பதினொரு செக்கன்," என்றார் அவர். குறிப்புப் புத்தகத்தில் எழுதினார். மூடினார். போய்விட்டார்.

ஞாயிறு பூசையில் றீற்றாவுக்கு ஒரு செபமும் ஓடவில்லை. எந்தச் செபத்தைத் தொடங்கினாலும் முடிவில் "பதினொன்று" என்று கேட்டது. உண்மை சொன்னது சரிதானா என்று மாதாவிடம் கேட்டாள். பின்னேரம் பழைய அலாரத்தை அலுமாரிக்குள்ளிருந்து எடுத்து மேசையில் வைத்தாள். கிறகோரி கண்டும் காணாததுபோல் இருந்தான். இரண்டு நாளாக அவன் பாத்திரம் கழுவுகிறான்.

திங்கள் பத்து மணிக்கு நிர்வாகத்திலிருந்து ஒரு பெண் நேரில் வந்தாள். வேலை நிரந்தரம் என்ற கடிதத்தை மேசையில் வைத்தாள். கடிதத்தோடு இன்னொரு தாளும் இருந்தது. "இது ஹெர் சொலிங்கர் நேற்று எங்கள் தபால்பெட்டியில் கொண்டுவந்து போட்டது. பத்தொன்பது வருடத்தில் அவர் ஒருவருக்காக எழுதியது இதுதான் முதல்தடவை. உங்களுக்கும் ஒரு பிரதி தரட்டாம்," என்றாள்.

அவள் போனபின் அனோஜாவுக்கு ரெலிபோன் எடுத்து, படம் பிடித்து அனுப்பி, வாசிக்கச் சொன்னாள். அனோஜா கந்தோரிலிருந்தே வாசித்தாள்.

"ஒண்டு. பத்தொன்பது வருசத்தில கராஜ் றிமோட்டுகளை ஒருதரும் சரி பாத்ததில்லை. இனி வருசத்துக்கு ஒருக்கா, மே மாதம், செய்ய வேணும். ரெண்டு. ஹவுஸ்வார்ட்டிட்ட காரணம் கேட்டன். உண்மை சொன்னா. அவவுக்கு முந்தி இருந்த மூண்டு பேரும் சொன்னதில்லை. மூண்டு..." அனோஜா நிறுத்தினாள். "அம்மா, இது உங்களுக்கு."

"வாசி."

"என்ர அம்மாவும் லுட்சேர்ன் மலையில செபம் சொல்லித்தான் முட்டை அவிச்சவ. ஆனா மூண்டு செக்கனுக்கு அருள் நிறைந்த மரியே நீளம். திருமதி கிறகோரி என்னைப் படியில காணுற நேரமெல்லாம் ஒண்டு சொல்லுவா. இயேசுவும் மரியாவும் விளங்கும், மூண்டாமவர் சூசையப்பராத்தான் இருக்கோணும். என்ர அப்பா வீட்டுக்கு வரேக்க அம்மா சொன்னதும் அதுதான். அவ படியில சொல்லேக்க பல தடவை அளந்தனான். சரியா மூண்டு செக்கன்."

றீற்றாவுக்குக் காது வரைக்கும் சூடு ஏறியது. மூன்று மாதம், நாளுக்கு இரண்டு தரம்! மனுசன் அத்தனையும் கேட்டுக்கொண்டு, பேசாமல் வணக்கம் சொல்லிக்கொண்டு போயிருக்கிறார். அவள் முகத்தைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், சிரிப்போடு கொஞ்சம் அழுதாள். பிறகு அலாரத்தைத் திரும்ப அலுமாரிக்குள் வைத்தாள்.

பின்னேரம் கிறகோரியை அவளே கராஜுக்குக் கூட்டிப்போனாள். அவன் காருக்குள் ஏறி இருந்தான். அவள் ஏணியில் ஏறிப் பெட்டியைத் திறந்து, மஞ்சள் பொத்தானில் விரலை வைத்தாள்.

"இயேசு மரி சூசையே," என்றாள். லைற் மினுங்கியது. விரலை எடுத்தாள்.

கிறகோரி கண்ணாடிப் பொத்தானை அமத்தினான். ஒருதரம், இரண்டுதரம், மூன்றுதரம். கதவு உறுமிக்கொண்டு மேலே எழும்பியது. முதலில் வெளிச்சம் தெரிந்தது, பிறகு மினுக்கிய ஒரு சோடிச் சப்பாத்து, பிறகு மடிப்புக் கலையாத காற்சட்டை, கடைசியாகக் கையில் குறிப்புப் புத்தகத்தோடு ஹெர் சொலிங்கர்.

றீற்றா ஏணியில் நின்றபடி வாயைத் திறந்தாள். சொல்ல வேண்டியதை ஏற்கெனவே சொல்லி முடித்திருந்ததால், வணக்கம் மட்டும் சொன்னாள்.