மருமகன் தொப்பி

அப்பாவின் நகங்களை வெட்டியிருக்கலாம். நேற்று முழுக்க அந்தக் கையைப் பிடித்துக்கொண்டுதானே இருந்தேன், கண்ணில் படவில்லையே. ருய்லானின் மனம் அதையே சுற்றிச் சுற்றி வந்தது. ஒரே மகள். அப்பாவின் சவப்பெட்டியருகே மண்டியிட்டு, வருகிறவர்களுக்கெல்லாம் நெற்றி தரையில் பட வணங்கியதில் முட்டி மரத்துப்போயிருந்தது.

ஜின்ஃபெங் அத்தை பக்கத்தில் வந்து குந்தினாள். கையில் புதிதாகத் தைத்த வெள்ளைத் துக்கத் தொப்பி. ஓரத்தில் சிவப்பு நூல் முடிச்சு. அந்த ஊரில் மருமகன் தொப்பிக்கு மட்டும்தான் அப்படி வைப்பார்கள்.

"பட்டறைக்கார ஹௌ வந்திருக்காரு. அதோ, முற்றத்துல."

"போன புத்தாண்டுக்கு வந்து என் எடை எவ்வளவுன்னு கேட்டாரே, அவரா?"

"கேட்டா தேஞ்சா போயிட்ட? உனக்கு முப்பத்தி நாலு வயசு. நூறு நாளுக்குள்ள கல்யாணம் முடிச்சா சரி. தவறினா மூணு வருஷம் துக்கம், கல்யாணம் கூடாது. அப்புறம் கிழவன்கூடத் திரும்பிப் பாக்கமாட்டான். இதை உன் கையால அவருக்கு வச்சுவிடு. ஊரே பாக்குது, பேசி முடிச்ச மாதிரி ஆயிடும்."

"இப்பவா அத்தை?"

"பின்ன? என் அண்ணன் கடைசியா அதைத்தானே கேட்டாரு!"

கடைசியாக அறையில் இருந்தவள் ருய்லான் மட்டும்தான். ஜன்னலைச் சாத்தாதேம்மா என்றார் அப்பா. குளிருமே என்று அவள் சாத்தினாள். திரும்பியபோது மூச்சு இல்லை. இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை.

எதிரில் அம்மா மூக்கைச் சிந்தினாள். "வச்சுடேன் ருய்லான். இனிமே உன் கல்யாணம் என்னாச்சுன்னு தெருவுல என்னைத் தனியா நிக்கவச்சுக் கேப்பாங்கடி."

அத்தை சொன்னது போகட்டும். இதைச் சொன்னது அம்மா.

ருய்லான் தொப்பியை வாங்கிக்கொண்டு எழுந்தாள். முற்றத்தில் சாவு வாத்தியம் ஊதிக்கொண்டிருந்தவர்கள் ஊதுகுழலை இறக்கினார்கள். ஹௌ தன் கம்பளித் தொப்பியைக் கழற்றி, முடியைப் படிய நீவிவிட்டு, தலையைக் கொஞ்சம் தாழ்த்தி நின்றார்.

அவருக்கு ஒரு வணக்கம் வைத்துவிட்டு அவரைத் தாண்டி அப்பாவின் அறைக்குள் போனாள். படுக்கையில் அவர் கிடந்த பள்ளம் அப்படியே இருந்தது. கொக்கியை எடுத்து ஜன்னலைத் தள்ளினாள். காற்று அதைத் திரும்ப அறைந்து சாத்தியது. மறுபடி தள்ளினாள். மறுபடி சாத்திக்கொண்டது.

"என்னடி பண்றே அங்க?" அத்தையின் குரல்.

ருய்லான் தொப்பியை நான்காக மடித்து, ஜன்னல் கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவில் செருகி அழுத்தினாள். ஜன்னல் திறந்தபடி நின்றது.

முற்றத்துக் குளிர் உள்ளே வந்தது. அவள் திரும்பிப் போய்ப் பெட்டியருகே மண்டியிட்டாள்.