ஆள் ஏறினால் வண்டி ஓடும்

"இன்னைக்கு யாரு முறை?" என்று கேட்டுவிட்டுக் கண்டக்டர் நாக்கைக் கடித்துக்கொண்டார். நாளையிலிருந்து முறையும் கிடையாது, வண்டியும் கிடையாது. நிறுத்தத்தில் நானும் அப்பாவும் மட்டும் நின்றோம். அப்பா இடது கையை வயிற்றோடு அணைத்தபடி ஏறினார். அந்தக் கையில்தான் ஊசி குத்துவார்கள்; யாராவது இடித்துவிடக் கூடாது. இடிப்பதற்கு உள்ளே ஒருவரும் இல்லை. பழக்கம், அவ்வளவுதான்.

அப்பாவுக்குச் சிறுநீரகம் போய்விட்டது. ஒருநாள் விட்டு ஒருநாள் மாவட்ட ஆஸ்பத்திரியில் ரத்தத்தைச் சுத்தம் செய்தாக வேண்டும். எங்கள் ஊருக்கு வருவது இந்த ஒரே பஸ். காலையில் கூட்டிக்கொண்டு போய் இருட்டுவதற்குள் திருப்பிக் கொண்டுவந்து போடும். அது நின்றால் கொஞ்ச நாளில் அப்பாவும் நின்றுவிடுவார். இதில் சுற்றி வளைத்துச் சொல்ல ஒன்றுமில்லை.

ஊரில் ஆள் குறையக் குறைய, மாவட்ட அலுவலகம் கொடுத்ததையெல்லாம் ஒவ்வொன்றாகத் திருப்பி எடுத்துக்கொண்டது. பள்ளிக்கூடம் போனது. தபாலாபீஸ் போனது. நர்ஸம்மாவை வேறு ஊருக்கு மாற்றினார்கள். அடுத்தது பஸ் என்று தெரிந்ததும் நானும் மீட்டரும் மனுவோடு கிளம்பினோம். மீட்டர் என்பது மின்சார மீட்டர் பார்த்து ஓய்வு பெற்றவர். வீடு வீடாக ஏறி இறங்கிய மனிதர் என்பதால் ஊரில் எந்த நாயும் அவரைப் பார்த்துக் குரைக்காது. அதிகாரியின் நாற்காலிக்குப் பின்னால் சுவரில் மாவட்டத்தின் படம் தொங்கியது. பள்ளிக்கு ஒரு நிறம், ஆஸ்பத்திரிக்கு ஒரு நிறம் என்று ஊர் ஊராகக் குண்டூசி செருகியிருந்தார்கள். எங்கள் ஊரின் மேல் பஸ்ஸுக்கான ஒரே ஒரு பச்சை ஊசி. பக்கத்தில், பிடுங்கிய ஊசிகளின் ஓட்டைகள்.

அதிகாரி கெட்டவர் இல்லை. டீ வரவழைத்துக் கொடுத்தார். "ஆளு ஏறினா வண்டி ஓடும். காலி வண்டிய ஓட்டிட்டு மேல இருக்கிறவங்களுக்கு நான் என்ன பதில் சொல்றது? பேசாம நீங்களும் டவுனுக்கே வந்துடுங்களேன்."

"வந்துடலாம் சார். உங்க வீட்டு மாடி காலியா இருக்கா?" என்றார் மீட்டர்.

அதிகாரி சிரித்தார். சிரித்தபடியே அடுத்தவர் மனுவை எடுத்தார்.

திரும்பும் வழியில் மீட்டர் தொடையைத் தட்டினார். "ஆளு ஏறினா ஓடும்ங்கிறான். ஏத்திட்டாப் போச்சு!" அன்றைக்கே தண்ணீர்த் தொட்டிக்குக் கீழே ஊரைக் கூட்டினார். வேலை இருக்கிறதோ இல்லையோ, வீட்டுக்கு ஒருவர் முறைபோட்டு பஸ்ஸில் போய்ச் சாயங்காலம் திரும்ப வேண்டும். "சும்மா போயி சும்மா வரணும். இதுக்குக்கூட நம்ம ஊர்ல ஆள் இல்லேன்னா வெட்கக்கேடு" என்றார். வயதானவர்களால் பஸ் ஸ்டாண்டில் நாள் முழுக்க உட்கார முடியாது. முட்டி வலிக்கும், அடிக்கடி ஒண்ணுக்கு வரும். அதனால் இளவட்டங்களை அனுப்புவது என்று முடிவானது. எல்லோரும் கையைத் தட்டினோம். எங்கள் மூளை அவ்வளவுதான்.

முதலில் எல்லாம் கல்யாண வண்டி மாதிரிதான் இருந்தது. கண்டக்டருக்கு உட்கார இடம் கிடைக்கவில்லை. ஆனால் பிழைக்கத் தெரிந்த வயசில் இருப்பவர்களை ஒரு டவுனில் கொண்டுபோய் இறக்கிவிட்டு, பொழுது சாயும்வரை சும்மா இரு என்றால் இருப்பார்களா? தையல்காரி ஒரு கம்பெனி வாசலில் தொங்கிய 'ஆள் தேவை' போர்டைப் படிக்கப் போனாள். அடுத்த வாரம் வேன் கொண்டுவந்து தையல் மெஷினை ஏற்றிக்கொண்டு போனாள். பிறகு அவள் எதிர்வீட்டுக்காரன். ஊரில் இருந்த ஒரே பைக்கும் அவனோடு போய்விட்டது. பிறகு யார் யாரோ. "பஸ்ஸக் காப்பாத்தப் போனவங்கள பஸ்ஸே முழுங்கிடுச்சேடா" என்ற மீட்டர், அதற்குமேல் தொட்டிப் பக்கம் வருவதில்லை.

என் தங்கச்சி முறை வந்த ஒரு காலையில், அவள் பை வழக்கத்தைவிடப் பெரிதாக இருந்தது. நான் பார்த்தேன். நான் பார்த்ததை அவளும் பார்த்தாள்.

"அண்ணா, சாயங்காலம் நான் வரலேன்னா, பஸ்ஸ விட்டுட்டேன்னு அப்பாகிட்ட சொல்லிடு. அடுத்த பஸ்ல வருவேன்னு..."

"இருக்கிறதே ஒரு பஸ்தான்."

"தெரியும்."

தடுத்திருக்கலாம். எதைக் காட்டித் தடுப்பது? சோறாக்கிக்கொண்டும் அப்பாவின் மாத்திரையைப் பிரித்துக்கொண்டும் அந்த வீட்டிலேயே அவளுக்கு வயதாகும் என்பதைக் காட்டியா? பேக்கிங் கம்பெனியில் சேர்ந்தாள். கம்பெனி ரூமில் ஆறு பேரோடு படுக்கிறாள். ஆம்பளைகளைக் கேட்டிலேயே நிறுத்திவிடுவார்களாம். டவுனில் நான் வாடகைக்கு வீடு கேட்டுப் போன இடங்களில், அப்பாவின் கையில் ஊசி குத்திக் குத்திப் புடைத்திருக்கும் நரம்பைப் பார்த்ததுமே வீடு இல்லை என்றார்கள்.

அலுவலகத்திலிருந்து ஆள் வந்து வண்டியில் தலையை எண்ணிப் போன நாளில் நாங்கள் நான்கு பேர் இருந்தோம். அதன் பிறகு வந்த உத்தரவுப்படி, நாளை முதல் பஸ் மெயின்ரோடு திருப்பத்தோடு நின்றுவிடும். அங்கிருந்து ஊருக்கு ஒரு மணி நேர நடை. சிகிச்சை முடிந்த அப்பாவால், ஒருவர் தாங்காமல் வார்டைத் தாண்டி வாசலுக்கு வரவே முடியாது.

வண்டியின் கடைசி நாளான அன்றும் அப்படித்தான் தாங்கிக்கொண்டு வந்து சாயங்கால வண்டியில் ஏற்றினேன். ஜன்னலோரம் உட்கார்ந்ததும் அப்பா தோளில் கிடந்த துண்டை எடுத்து, மடித்து, பக்கத்து சீட்டில் போட்டார். வண்டி முழுக்கக் காலி. நான் பின் சீட்டில் உட்கார்ந்தேன்.

"யாருக்குப் பெரியவரே இடம் போடறீங்க?" என்றார் கண்டக்டர்.

"வருவா."

கண்டக்டர் என்னைப் பார்த்தார். நான் வெளியே பார்த்தேன். எதிரே தங்கச்சியின் கம்பெனி கேட் திறந்து, ஷிப்ட் முடிந்த பெண்கள் ஒரே நிறச் சட்டையில் கும்பலாக வந்துகொண்டிருந்தார்கள். யார் யாரென்று தெரியவில்லை. டிரைவர் இஞ்சினைப் போட்டுவிட்டு, எடுக்காமல் கொஞ்ச நேரம் உறுமவிட்டார். கண்டக்டரும் விசில் கொடுக்கவில்லை. கும்பல் ரோட்டைக் கடந்து கலைந்தது.

பிறகு விசில் ஊதினார். முதல் திருப்பத்திலேயே துண்டு சரிந்து கீழே விழுந்தது. அப்பா வலது கையால் துழாவி அதை எடுத்தார். தூசியைத் தட்டினார். மறுபடியும் மடித்து அதே இடத்தில் போட்டு, அடுத்த திருப்பத்தில் விழாமல் இருக்க, ஊசி குத்திய கையை அதன்மேல் வைத்துக்கொண்டார்.