சோபாவில் ஒத்திகை

"மறுபடியும் சாகறியா? டீ ஆறிப்போகுது" என்றபடி ஹெஸ்டர் ஜன்னல் திரையை இழுத்துவிட்டாள். இங்கிலாந்தின் வொர்திங் ஊர்க் கடற்காற்று காலையிலிருந்தே கண்ணாடியை உலுக்கிக்கொண்டிருந்தது. அவளுக்கும் ஓரிடத்தில் கால் தரிக்கவில்லை.

அம்மா வினிஃப்ரெட் சோபாவில் ஒரு கை தொங்கக் கிடந்தாள். சற்றுக் கழித்து ஒரு கண் மட்டும் திறந்தது.

"நம்பினியா?"

"இல்ல."

ஹெஸ்டர் பள்ளிக்கூடம் போன காலத்திலிருந்தே இந்தக் கேள்வியும் இந்தப் பதிலும்தான். வினிஃப்ரெட்டின் பெயர் நாடகச் சுவரொட்டியில் பெரிதாக வந்ததே கிடையாது. சமையல்காரி, சீமாட்டி, விஷம் வைக்கும் அத்தை, கன்னியாஸ்திரி என்று எதைக் கொடுத்தாலும் அதுவாகவே மாறிவிடுவாள். மீன்கடையில், "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே" என்பார்கள். வயதாக ஆகத் தொலைக்காட்சியில் சாகிற வேஷங்களாகவே வந்தன. பார்த்தவர்களெல்லாம் அழுதார்கள், பெற்ற மகளைத் தவிர. அதனாலேயே அம்மா அவளை எதிரே நாற்காலியில் உட்காரவைத்துத்தான் ஒத்திகை பார்ப்பாள்.

உண்மையில் ஒவ்வொரு தடவையும் ஹெஸ்டர் நம்பத்தான் செய்தாள். ஆமாம் என்று சொன்னால் நிஜமாகவே நடந்துவிடுமோ என்று சின்ன வயதில் பிடித்த பயம், தலை நரைத்தும் போகவில்லை.

அடுத்த வாரம் படப்பிடிப்பு. இதயம் தாங்காது என்று டாக்டர் சொல்லியிருந்தார். வேண்டாமென்று சொல்லவைக்கத்தான் ஹெஸ்டர் காலை ரயிலில் வந்திருந்தாள். கெஞ்சினாள், மிரட்டினாள், அலமாரியைத் திறந்து திறந்து மூடினாள். வினிஃப்ரெட்டா அசைகிறவள்?

"வீட்ல உக்காந்து செத்தா யாருடி சம்பளம் தருவா? வா, இன்னொரு தடவ பாரு."

ஹெஸ்டர் பார்க்கவில்லை. எரிச்சலோடு தட்டை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். கெண்டியைக் கழுவினாள், கழுவியதையே மறுபடி கழுவினாள். திரும்பி வந்தபோது அம்மாவின் வாய் லேசாகத் திறந்திருந்தது. பாவாடை முழங்காலுக்கு மேல் ஏறிக் கிடந்தது.

"வாயை மூடு. பாக்க நல்லாவே இல்ல. உசிரு அவ்ளோ சுலபமாவா போயிடும்?"

காற்று ஓய்ந்து மறுபடி அடித்தது. வெளிச்சம் விழுகிற பக்கம் முகத்தைத் திருப்பாமல் அம்மா ஒருநாளும் செத்ததில்லை. இப்போது முகம் சுவர்ப் பக்கம் இருந்தது. ஹெஸ்டர் குனிந்து முதலில் பாவாடையை இழுத்துவிட்டாள். பிறகுதான் கையைத் தொட்டுப் பார்த்தாள். நாடி இல்லை. டாக்டருக்குப் போன் செய்தாள்.

டாக்டர் வந்தார், பார்த்தார், தலையசைத்தார். அதிக வலி இருந்திருக்காது என்றார். போர்வை நுனியைப் பிடித்தபடி, "முகத்த மூடிடலாமா?" என்று கேட்டார்.

"கொஞ்சம் இருங்க."

எதிர் நாற்காலியை இழுத்துப் போட்டு ஹெஸ்டர் உட்கார்ந்தாள். அன்றைக்கு அப்போதுதான் முதல் தடவையாக உட்கார்ந்தாள்.

"நம்பினேன்மா" என்றாள்.

டாக்டர் போர்வையோடு நின்றார். ஹெஸ்டர் அம்மாவின் ஒரு கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள்.